அறுபத்து நாலாம் பக்கத்துப் பெயர்

மூன்றே கால். நாலு மணிக்குத்தான் உள்ளே விடுவார்கள், அதற்குள் ஒரு பெயர் வேண்டும், ஐயாயிரம் வேண்டாம், ஒன்றே ஒன்று, அதற்குப் போய் இந்தப் பாடா என்று செழியனுக்குச் சிரிப்புக்கூட வந்தது. ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் பேர் வைக்கிறவன் ஐயா இவன்! சத்திரம் பஸ் ஸ்டாண்டில் பஞ்சாங்கத்துக்கும் சமையல் குறிப்புக்கும் நடுவில் கிளிப் மாட்டித் தொங்குகிறதே, 'அழகிய குழந்தைப் பெயர்கள் ஐயாயிரம், பொருளுடன்', அதைத் தொகுத்த புலவர் செழியன் சாட்சாத் இவன்தான். புலவருமில்லை ஒன்றுமில்லை, அச்சகத்தில் புரூஃப் திருத்துகிறவன். புலவர் என்று போட்டால்தான் புத்தகம் நகரும் என்று பதிப்பாளர் அன்வர்தீன் பாய் அட்டையில் போட்டுவிட்டார். அப்பேர்ப்பட்டவன் இப்போது ஆஸ்பத்திரி இரண்டாம் மாடியில், பச்சைக்குழந்தை வார்டுக்கு வெளியே, இரும்பு நாற்காலியின் ஓரத்தில், செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு வெறுங்காலோடு உட்கார்ந்திருக்கிறான். உள்ளே கண்ணாடிப் பெட்டியில் அவன் பிள்ளை. பத்து வாரம் முந்திக்கொண்டு வந்துவிட்ட பிள்ளை, ஒரு கிலோவும் கொஞ்சமும், கணுக்காலில் ஒரு பட்டை, பட்டையில் 'பேபி ஆஃப் பரிமளா'. பிறந்து எட்டு நாள் முடிந்து இன்றைக்கு ஒன்பது. ஒன்பது என்று நினைக்கக் கூடாது என்று காலையிலிருந்து நினைத்துக்கொண்டிருக்கிறான். பரிமளா தையல் ஆறாமல் மூன்றாம் மாடியில் படுத்திருக்கிறாள், படியேற முடியாது, இறங்க முடியாது. காலையில் அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்: "இன்னிக்காவது பேர் வெச்சிருங்க. காதுல மூணு தரம் சொல்லுங்க. ஆனா உங்க புஸ்தகத்துலேர்ந்து வேணாம்." ஏன் வேண்டாமாம்? அவன் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை. கேட்டிருக்கலாம். கேட்டிருந்தால் அவள் சொல்லியிருப்பாளே, அதுதான் கேட்கவில்லை.

பெயர் இல்லாமல் என்ன குடி முழுகிப் போகிறது? முழுகித்தான் போகிறது. நேற்று சிஸ்டர் மெர்லின் சொன்னாள், வார்டுக்குள் பச்சை அங்கியோடு சுற்றுகிற நாற்பது வயதுக்காரி, கண்ணுக்குக் கீழே கருவளையம், வாயில் மட்டும் அலுப்பே கிடையாது. "மூச்சு விட மறந்துடறான் சார். இந்த மாதிரி முந்திப் பொறந்ததுங்க எல்லாம் அப்படித்தான். விட்டுக்கிட்டே இருக்கும், டக்குன்னு மறந்துடும். உள்ளங்கால்ல ஒரு சுண்டு சுண்டி, பேர் சொல்லிக் கூப்பிட்டா ஞாபகம் வந்துடும். இவனை என்னன்னு கூப்பிடறது? பேபின்னா இங்க இருக்கற பதினாலு உருப்படியும் பேபிதான். அப்பா குரல்ல ஒரு பேரைச் சொல்லுங்க, நாங்களும் அதையே சொல்றோம்." மூச்சு விட மறந்துவிடுமாமே! அவனுக்கு ஆயுசிலே மறக்காத ஒரே காரியம் அதுதான், தூக்கத்தில்கூட மறக்கவில்லை, சாப்பாடு மறந்திருக்கிறான், கல்யாண நாள் மறந்திருக்கிறான், பரிமளா ஒரு வாரம் பேசவில்லை. இந்தப் பயல் மறக்கிறான். சரி, பெயர். வா, ஐயாயிரத்தில் ஒன்று வா. அகரத்திலிருந்து போவோம். அகவன், அகிலன், அஞ்சன், அதியன், ஒன்றும் நிற்கவில்லை, ரயிலில் போகும்போது கம்பங்கள் ஓடுகிற மாதிரி ஓடுகின்றன. வீரன் என்று பொருள், வெற்றி என்று பொருள், வீரனுக்கு ஒரு கிலோ எடையா? ஆதவன், சூரியன், கண்ணையே இன்னும் முழுசாகத் திறக்கவில்லை, சூரியனாம் சூரியன். ஒவ்வொரு பெயரையும் அந்தச் சிவந்த எலும்புக்கூட்டின் மேல் வைத்துப் பார்க்கிறான், அப்பன் சட்டையைப் பிள்ளைக்குப் போட்ட மாதிரி தொளதொளவென்று நிற்கிறது. ஊருக்கு உபதேசம் பண்ணினாயே, உனக்கு ஒன்று கிடைக்கவில்லையாடா?

கிடைத்ததே போன தடவை. அந்த நினைப்புப் பக்கம் போகாதே என்று எழுந்து ஜன்னலோரம் போனான். கீழே ஆம்புலன்ஸ், இளநீர் வண்டி, மஞ்சள் பையோடு ஒருத்தி யாரையோ திட்டிக்கொண்டு போகிறாள். திரும்பி வந்து உட்கார்ந்தான். நினைப்பு அவனுக்கு முன்னாலேயே வந்து அதே நாற்காலியில் உட்கார்ந்திருந்தது. மிரிஷிகா. போதுமா? சொல்லியாகிவிட்டது. மிரிஷிகா, வடமொழி, நெடுநாள் வாழ்பவள், பக்கம் அறுபத்து நாலு. வடமொழியும் கிடையாது தென்மொழியும் கிடையாது. ஆறு வருஷத்துக்கு முந்தி ஒரு சனிக்கிழமை மத்தியானம், திங்கட்கிழமை அச்சு மெஷினில் ஃபாரம் ஏற வேண்டும், அட்டையில் ஐயாயிரம் என்று அச்சாகிவிட்டது, உள்ளே எண்ணினால் நாலாயிரத்து முந்நூற்றுச் சொச்சம்தான் தேறுகிறது. "ரொப்புங்க புலவரே, ரொப்புங்க. எவன் எண்ணிப் பார்க்கப் போறான்?" என்றார் பாய். "எண்ணிப் பார்த்தா?" என்றதற்கு, "எண்ணறவனுக்குப் புள்ள பொறக்காது" என்று சிரித்தார். டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து ரொப்பினான். மிருதுளாவில் பாதி, ரிஷிகாவில் பாதி, தைத்தால் மிரிஷிகா. பொருள் என்ன போடலாம்? மேல் வரியில் அழகி, கீழ் வரியிலும் அழகி, நடுவில் இன்னொரு அழகி போட்டால் நன்றாயிருக்காதே என்று, அதற்காக மட்டும், நெடுநாள் வாழ்பவள். அரை டீ ஆறுவதற்குள் நாற்பது பெயர். நாக்கில் சனி உட்காருவான் என்பார்கள், அவனுக்குப் பேனாவில் உட்கார்ந்திருந்தான். பரிமளா உண்டானபோது அந்தப் புத்தகத்தைத்தான் மடியில் வைத்துக்கொண்டு புரட்டினாள், புருஷன் எழுதினது, அவளுக்கு அத்தனை பெருமை. ஏழாம் மாசம் ஒரு சாயங்காலம், "என்னங்க, இது புடிச்சிருக்கு, பொண்ணா இருந்தா இதுதான்" என்று விரல் வைத்துக் காட்டினாள். விரலுக்குக் கீழே மிரிஷிகா. அப்போதாவது சொல்லியிருக்க வேண்டாமா? அட, அது நான் சும்மா எழுதினதுடி, வேறு பார் என்று ஒரு வரி? அவள் முகத்தைப் பார்த்தான், வாயை மூடிக்கொண்டான். பிறக்கு முன்னே பேர் வைக்கக் கூடாது என்று யாரோ அக்கம்பக்கத்தில் சொன்னார்கள், அதையும் தள்ளிவிட்டு வயிற்றுக்குள் இருந்ததை மிரி, மிரி என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தாள். இதே வார்டு. இதே இரும்பு நாற்காலி. நெடுநாள் வாழ்பவள் ஒன்பது நாள் வாழ்ந்தாள்.

பெயரால் யாரும் சாகிறதில்லை. தெரியும், தெரியும், தெரியாமலா? நுரையீரல் முற்றவில்லை என்று டாக்டர் படம் போட்டே காட்டினார். பெயரில் என்ன இருக்கிறது, வெறும் காற்று, உதட்டைக் குவித்தால் ஒன்று, விரித்தால் ஒன்று. அப்படியானால் பிள்ளைக்கு வேண்டியதும் வெறும் காற்றுதானே, அந்தக் காற்றுக்குத்தானே இவ்வளவு குழாயும் மெஷினும் என்று புத்தி எங்கோ வழுக்கிக்கொண்டு போகிறது, பிடித்து நிறுத்த முடியவில்லை. நிஜமான பெயர்களும் அவன் சேர்த்திருந்தான், அதைச் சொல்ல வேண்டும், எல்லாம் ரொப்பல் இல்லை. அந்தப் புத்தகத்துக்காக நாலு மாசம் நூலகத்தில் கிடந்து, இன்டர்நெட் சென்டரில் கண் எரிய உட்கார்ந்து, உலகப் பெயர்கள் என்று தனியாகப் பதினாறு பக்கம் எழுதினான். கானாவில் பிறந்த கிழமைதான் பெயராம், வெள்ளிக்கிழமை ஆண்பிள்ளை என்றால் கோஃபி. இவனும் வெள்ளிக்கிழமைதான். கோஃபி. உதட்டில் வைத்துப் பார்த்தான், வாய் பழகவில்லை. அதெல்லாம் இருக்கட்டும், அந்தப் பதினாறில் கடைசி நாலு பக்கம், அதுதான் இப்போது வரிவரியாக ஞாபகம் வருகிறது. பிள்ளை தங்காத வீட்டுப் பெயர்கள். துருக்கியில் துர்சுன், 'நிற்கட்டும்' என்று பொருள், மேலே இரண்டு மூன்று போயிருந்தால் அடுத்ததற்கு. நைஜீரியாவில் யொருபாக்காரர்கள் மலோமோ என்று வைப்பார்கள், 'இனிமேல் போகாதே'. இன்னொன்று கொக்குமோ, 'இனிச் சாகமாட்டான்', கேட்கத்தான் சண்டியர் மாதிரி இருக்கிறது, சொல்கிற தாய்க்குத் தொடை நடுங்கியிருக்கும். பக்கத்திலேயே இபோக்காரர்கள், ஒன்வுபிக்கோ, 'சாவே, உன்னைக் கெஞ்சிக் கேட்கிறேன்'. ஒரு பிள்ளையைத் தெருவில் விளையாடக் கூப்பிடும்போதெல்லாம் சாவைக் கெஞ்சிக் கூப்பிடுகிற ஜனம்! மங்கோலியாவில் நெர்குயி, 'பேர் இல்லை'. ஹுன்பிஷ், 'மனுஷன் இல்லை'. வாசலில் வந்து கேட்கிறவனிடம் இங்கே யாருமே இல்லை என்று சொல்வதற்கு. சீனத்தில் ஒருத்தன் பேர் 'நாய் தின்று மிச்சம் வைத்தது'. யூதர்கள் சீக்காளிக்குப் பெயரையே மாற்றிவிடுவார்கள், தேடி வந்தது பழைய பெயரைச் சொல்லிக்கொண்டு வேறு வாசலுக்குப் போகட்டும் என்று. ஒருத்தர் முகம் ஒருத்தருக்குத் தெரியாது, பாஷை புரியாது, நடுவில் எத்தனை கடல், அத்தனை பேரும் ஒரே பொய்யைச் சொல்லியிருக்கிறார்கள். அன்வர்தீன் பாய் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். "என்ன புலவரே இது? சாவு, நாயி, பேரே இல்லன்னுட்டு. சீமந்தத்துக்கு வாங்கிட்டுப் போற புஸ்தகம். மங்கலமா இருக்கறதை மட்டும் போடுங்க." நாலு பக்கத்தையும் உருவிப் போட்டார்கள். அந்த இடத்தில் வந்ததுதான் அறுபத்து நாலாம் பக்கம். நிஜத்தை எடுத்துவிட்டு அதே அளவுக்குப் பொய்யை வைத்து, புரூஃபும் பார்த்து, பிழை இல்லை என்று கையெழுத்தும் போட்டுக் கொடுத்தான்.

அந்த நாலு பக்கத்தில் நம்மூர்ப் பெயர்களும் இருந்தன. பிச்சை, குப்பை, அமாவாசை. ஒன்றை மட்டும் அவன் எழுதவில்லை. எழுதினால் கை வெந்துபோகும். மூன்று இருபத்தெட்டு. உள்ளே ஏதோ ஒரு மெஷின் கூவுகிறது, நின்றுவிட்டது, யாருடையது? கதவில் ஒரு வட்டக் கண்ணாடி, அதில் சிஸ்டரின் முதுகு மட்டும் தெரிகிறது, முதுகு அவசரப்படவில்லை, சரி. மண்ணாங்கட்டி. அதுதான் அந்தப் பெயர், அவனுடையது, பெற்றவள் வைத்தது. அவள் பெயர் அங்காயி. அவனுக்கு மேலே மூன்று பேர் பிறந்து மூன்று பேரும் போய்விட்டார்கள். நாலாவதாக இவன் விழுந்ததும், தொப்புள் கொடி அறுத்த சூட்டோடு, கொண்டுபோய்க் குப்பைமேட்டில் சாம்பல் மேலே போட்டார்கள். எதிர்வீட்டுக்காரி ஒன்றும் தெரியாதவள் மாதிரி அந்தப் பக்கம் போய், "அய்யே, யாரோ புள்ளையப் போட்டுட்டுப் போயிட்டாங்களே" என்று சத்தமாகச் சொல்லித் தூக்கிக்கொண்டு வந்தாள். அங்காயி வாசலில் நின்று, "எனக்குக் குடேன், ஒரு படி தவிடு தாரேன்" என்று கேட்டு வாங்கினாள். பெற்ற பிள்ளையைத் தவிட்டுக்கு வாங்கினவள், அதற்குப் பிறகு கொஞ்சினது கிடையாது, கண்ணே மணியே என்றது கிடையாது. கேட்டுக்கொண்டிருக்கிறது ஒன்று, அதன் காதில் விழுந்துவிடக் கூடாதே. மண்ணாங்கட்டீ, ஏய் மண்ணாங்கட்டீ, எங்கடா தொலைஞ்ச, வாடா இங்க. தெருக்கோடி வரைக்கும் கேட்கும். பள்ளிக்கூடத்தில் வாத்தியார் வருகைப் பதிவில் அந்த வரி வந்தவுடனே வகுப்பே வாயைப் பொத்திக்கொள்ளும், வாத்தியாரும் ஒரு விநாடி நிறுத்திவிட்டுத்தான் கூப்பிடுவார், நிறுத்தினால்தானே சிரிப்பு நன்றாக வரும். இருபத்தோரு வயதில் கெஜட்டில் கொடுத்துச் செழியன் ஆனான். அங்காயியிடம் காகிதத்தைக் காட்டினான். "நல்லாருக்குய்யா" என்றாள். அன்றிலிருந்து பழைய பெயரையும் சொல்லவில்லை, புதுசும் அவள் வாயில் நுழையவில்லை, இந்தாய்யா, ஏய்யா, அவ்வளவுதான், பெற்ற மகனை வழி கேட்கிறவள் மாதிரி கூப்பிட்டுக்கொண்டு பதின்மூன்று வருஷம். போன வருஷத்துக்கு முந்தின வருஷம், இல்லை, நாலு வருஷம் ஆகிறது, கடைசிப் படுக்கையில் கிடந்தபோது போய் அம்மா என்றான். ரொம்ப நேரம் பார்த்தாள். உதட்டைக் கூட்டிக் கூட்டி, அவன் மனசு நோகக் கூடாது என்று, "செழியா" என்றாள். முதல் தரமும் கடைசித் தரமும். யாரையோ கூப்பிடுகிறாள் என்றுதான் இருந்தது. பின்னால் திரும்பிக்கூடப் பார்த்தான், பாவி. அந்தப் பெயரைப் போட்டதால்தான் நீ நின்னே என்பாள். போட்டதை எடுத்துவிட்டாயே, இப்போது உன் பிள்ளைகள் எப்படி நிற்கும் என்று அவள் கேட்கவில்லை. அவன்தான் கேட்டுக்கொள்கிறான். படித்தவன். நுரையீரல் படத்தைப் பார்த்தவன்.

"சார், கொஞ்சம் நவுந்துக்கறீங்களா?" என்று ஒருவன் வந்து பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தான். முப்பது வயதிருக்கும், கையெல்லாம் காய்ப்பு, சட்டைப் பையில் பேனா, முகமெல்லாம் பல். போர்வெல் வண்டியில் வேலை, சின்னத்துரை என்று பேர், ஊர் துறையூர்ப் பக்கம். கேட்காமலே சொன்னான். "பொம்பளப் புள்ள சார். மூணு நாளா உள்ள வெச்சிருந்தாங்க, மஞ்சக்காமாலைன்னு. இப்ப குடுத்துடறோம்னுட்டாங்க. உங்களுக்கு என்ன புள்ள?" "பையன்." "நல்லாருக்கானா?" "இருக்கான்." "பேரு?" செழியன் கடிகாரத்தைப் பார்த்தான். மூன்று ஐம்பத்தாறு. சின்னத்துரை பதிலுக்குக் காத்திருக்கவில்லை, இடுப்பிலிருந்து சுருட்டி வைத்திருந்ததை உருவினான். செழியனுக்கு அட்டையைப் பார்க்க வேண்டியதே இல்லை, அந்த மட்டக் காகிதத்தின் வாசனையே போதும். "ஆஸ்பத்திரி வாசல்ல வித்தாங்க சார். ஐயாயிரம் பேரு, யாரோ புலவரு எழுதினது. ராத்திரியெல்லாம் நானும் எம் பொண்டாட்டியும் ஃபோன்லயே படிச்சுப் படிச்சு ஒண்ணு புடிச்சுட்டோம். பாருங்க, டிக் அடிச்சிருக்கேன்." அவன் பிரித்தது அறுபத்து நாலாம் பக்கம். அட தெய்வமே, ஐயாயிரத்தில் வேறு பெயரே இல்லையா? நீலப் பேனாவால் பெரிசாக ஒரு டிக். "மிரிஷிகா. கேக்கவே புதுசா இருக்குல்ல? நெடுநாள் வாழ்பவள்னு போட்டுருக்கு. புள்ளைக்கு மொத நாளே காமாலை வந்துருச்சா, எம் பொண்டாட்டி பயந்துட்டா. இந்த அர்த்தத்தைப் பாத்ததும்தான் சோறே தின்னா." இப்போது சொல். வாயைத் திற. நான்தான் அந்தப் புலவன், அது டீக்கடையில் எழுதினது, வேண்டாம் ஐயா, வேறு எதையாவது வை, செல்வின்னு வை, ராணின்னு வை. வாயைத் திறந்தான். "வேற பேரும் பாருங்களேன்" என்றது வாய். "ஏன் சார், நல்லா இல்லியா?" அந்தப் பல்லெல்லாம் உள்ளே போய்விட்டது. சோறு தின்றவள் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு எழுந்திருப்பது செழியன் கண்ணுக்குத் தெரிந்தது, பார்த்தே இராத ஒருத்தி. "இல்ல, நல்ல பேருதான். எனக்குத் தெரிஞ்சவங்க வீட்ல ஒரு புள்ளைக்கு அந்தப் பேரு இருந்துச்சு." "அப்படியா! இப்ப என்ன வயசு இருக்கும் அந்தப் பாப்பாவுக்கு?" இரண்டு. இரண்டு வயது இருக்கும். நடக்கும், பேசும், செருப்பை மாற்றிப் போட்டுக்கொள்ளும். கதவு திறந்தது. "பேபி ஆஃப் பரிமளா! யாருங்க? வாங்க" என்று உள்ளிருந்து குரல் வந்தது. அவன் எழுந்துவிட்டான். பதில் சொல்ல வேண்டாமே என்று ஒரு நிமிஷம் சந்தோஷம்கூடப் பட்டான், அதை நினைத்தால் இப்போதும் அவனுக்கு அருவருப்பாக இருக்கும்.

கையை முழங்கை வரை கழுவு, அங்கியைப் போடு, முகத்தை மூடு. உள்ளே வெக்கை, மருந்து வாசனை, பதினாலு பெட்டி, பதினாலு விதமான சத்தம். ஆறாவது பெட்டி. போன தடவை மூன்றாவது. குனிந்து பார்த்தான். மூக்கில் குழாய், தலையில் துணிக் குல்லா, நெஞ்சுக்கூடு தையல் மெஷின் ஊசி மாதிரி டகடகவென்று ஏறி இறங்குகிறது. மேலே பெட்டியில் பச்சையாக எண், ரத்தத்தில் ஆக்சிஜன் எவ்வளவு என்று, தொண்ணூற்று மூன்று. "தொண்ணூறுக்கு மேல இருந்தா சரி சார்" என்று சொல்லியிருக்கிறாள் சிஸ்டர். வட்ட ஓட்டை வழியாகக் கையை விட்டான். கை பிள்ளையை விடப் பெரிசாக இருந்தது. "என்ன பேரு முடிவு பண்ணினீங்க?" என்றாள் சிஸ்டர் மெர்லின், இன்னொரு பெட்டியில் எதையோ திருகிக்கொண்டே. அவன் காதுப் பக்கம் வாயைக் கொண்டுபோனான், கொண்டுபோனதோடு சரி. ஒன்றும் இல்லை. அகவன் இல்லை, ஆதவன் இல்லை, துர்சுன் இல்லை. ஐயாயிரமும் அழிந்து வெறும் வெள்ளைத்தாள். தொண்ணூற்று ஒன்று. நெஞ்சுக்கூடு ஏறியது, இறங்கியது, இறங்கினது ஏறவில்லை. எண்பத்தெட்டு. ஏறும், இப்போது ஏறும். எண்பத்து மூன்று. மெஷின் கூவ ஆரம்பித்தது. "சுண்டுங்க சார், உள்ளங்கால்ல, நீங்கதான் கிட்ட இருக்கீங்க, நான் வர்றேன், கூப்பிடுங்க, பேரைச் சொல்லிக் கூப்பிடுங்க!" எண்பது. உள்ளங்கால் அவன் கட்டைவிரல் நகமளவு. சுண்டினான். எழுபத்தாறு. உதடு நீலம் பூக்கிறது, இதை அவன் பார்த்திருக்கிறான், இந்த நீலத்தை அவனுக்குத் தெரியும். "டேய்" என்றான். டேய் என்றா பேர்? "டேய் மண்ணாங்கட்டி" என்று ஒரு குரல் கேட்டது, யார் குரல் என்று ஒரு கணம் விளங்கவில்லை, தெருக்கோடி வரைக்கும் கேட்கிற குரல், அதட்டுகிற குரல், கொஞ்சல் துளிகூட இல்லாத குரல். "மண்ணாங்கட்டீ! எங்கடா போற? யாருடா போகச் சொன்னது? வாடா இங்க! ஒண்ணுத்துக்கும் ஆகாத பயலே, வாடா!" மறுபடி சுண்டினான். கால் உதைத்தது. இத்தனூண்டு கால், விருட்டென்று உதைத்தது. நெஞ்சுக்கூடு ஒரு தரம் விம்மியது, நின்றது, மறுபடி விம்மியது. எழுபத்தொன்பது. எண்பத்தைந்து. மெஷின் வாயை மூடியது. தொண்ணூறு.

அவன் நிறுத்தவில்லை. நிறுத்தப் பயம். மண்ணாங்கட்டி, மண்ணாங்கட்டி என்று முனகிக்கொண்டே இருந்தான், மூன்று தரமாவது முப்பது தரமாவது, எதற்கு எண்ணுவது? இரண்டு பெட்டி தள்ளி நின்ற ஒரு தாய் திரும்பிப் பார்த்தாள். பார்க்கட்டும். நாலு பத்துக்கு இன்னொரு தரம் மறந்தான், எண்பத்தொன்று வரை போய், அதட்டினதும் திரும்பி வந்தான். கூப்பிட்டதால் வந்தானா, சுண்டினதால் வந்தானா, தானாகவே வந்தானா, யாருக்குத் தெரியும்? டாக்டருக்கே தெரியாது. "டைம் முடிஞ்சுது சார்" என்றாள் சிஸ்டர். அவன் கையை எடுக்கவில்லை. "நான் போயிட்டா இவனை யாரு கூப்பிடுவா?" "நாங்க இருக்கோம்ல? இப்ப ராப்பகலா பாத்துக்கறது யாரு?" "பேர் தெரியணுமே உங்களுக்கு." "அதான் கேக்கறேன், என்ன பேரு?" அவள் காதிலே விழுந்திருக்கும், பதினாலு பெட்டிக்கும் கேட்டிருக்கும், இருந்தும் அவனே சொல்லட்டும் என்று நின்றாள். இருபத்தோரு வயது வரைக்கும் ஒவ்வொரு தரம் அதைச் சொன்னபோதும் எதிரே இருந்த முகத்தில் ஒரு சிரிப்பு முளைத்ததை அவன் பார்த்திருக்கிறான். "மண்ணாங்கட்டி" என்றான். முகமூடிக்கு மேலே அவள் கண்ணையே பார்த்தான். கண் சிரிக்கவில்லை. "எங்க சித்தி வீட்ல பிச்சைன்னு ஒரு அண்ணன்" என்றாள், "எம்பது வயசு வரைக்கும் இருப்பான் போல. அதட்டித்தான் கூப்பிடணுமா?" "அதட்டித்தான். கொஞ்சிடாதீங்க சிஸ்டர். தயவுசெஞ்சு கொஞ்சிடாதீங்க." கை கூப்ப வேண்டும் என்று வந்தது, ஒரு கை பெட்டிக்குள் இருந்தது.

வெளியே வந்தான். சின்னத்துரை ஜன்னலோரம் நின்று ஃபோனில் சத்தமாகப் பேசிக்கொண்டிருந்தான். "மி, ரி, ஷி, கா. ஆமா, ஷி. நெடுநாள் வாழ்பவள்னு அர்த்தம். புஸ்தகத்துலயே போட்டுருக்கு மாமா, புலவரு பொய்யா சொல்லுவாரு?" செழியன் அவனைத் தாண்டி இரண்டடி போய் நின்றான். திரும்பிப் போய்ச் சொல்லலாம். சொல்லிவிட்டு எந்தக் கதவைத் திறந்துகொண்டு ஓடுவது? வட்டக் கண்ணாடிக்கே வந்து நெற்றியை ஒட்டவைத்துக்கொண்டான். பை அதிர்ந்தது. மேல்மாடியிலிருந்து பரிமளா.

"வெச்சாச்சா?"

"வெச்சாச்சு."

"என்ன பேரு?"

சொன்னான். அங்காயியின் கதையை அவளுக்கு அவன் சொன்னதே கிடையாது. கெஜட் காகிதத்தைப் பீரோ அடியில் வைத்துப் பூட்டியிருக்கிறான். எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொல்ல வேண்டும், குப்பைமேடு, தவிடு, எல்லாம். வந்தது வேறு. "பரிமளா, மிரிஷிகாங்கற பேருக்கு அர்த்தம் கிடையாது. அப்படி ஒரு வார்த்தையே இல்ல. பக்கம் ரொப்பறதுக்கு நான் எழுதினது. நீ விரல் வெச்சப்பவே சொல்லியிருக்கணும்."

"தெரியும்" என்றாள். "துக்கம் கேக்க வந்தப்ப பாய் அழுதுக்கிட்டே சொல்லிட்டுப் போனாரு. நீங்க சொல்லுவீங்க, சொல்லுவீங்கன்னு ரெண்டு வருஷமா பாத்துக்கிட்டு இருக்கேன்."

நெற்றிக்குக் கீழே கண்ணாடி அவன் மூச்சில் மங்கியது, துடைத்தான், மறுபடி மங்கியது. ஆறாவது பெட்டியிடம் சிஸ்டர் வேகமாகப் போவது தெரிந்தது. அவள் குனிந்தாள். ஒரு கை ஓட்டைக்குள் போனது. மெஷின் கூவுகிறதா இல்லையா என்று இங்கே கேட்கவில்லை, எண் இந்தப் பக்கம் திரும்பியில்லை. முகமூடியைக் கீழே இழுத்துவிட்டுக்கொண்டாள். உதடு அசைந்தது. மறுபடி அசைந்தது. அதட்டுகிற மாதிரித்தான் இருந்தது.

"என்னங்க," என்றாள் பரிமளா, "மூச்சு விடறானா?"

"கூப்பிட்டுக்கிட்டு இருக்காங்க" என்றான்.